கார்த்திக்: ஏழு எழுத்தா, ஒன்பது எழுத்தா?

கார்த்திகைப் பெண்கள் அறுவர் வளர்த்த முருகனின் பெயர் கார்த்திகேயன்; அதன் சுருக்கம்தான் கார்த்திக். தமிழில் எழுதினால் சிக்கலே இல்லை. ஆங்கிலத்தில்தான் கே, ஏ, ஆர், டி, ஹெச், ஐ, கே என்ற ஏழெழுத்து வடிவமும், இன்னொரு ஏ, ஒரு சி சேர்த்த ஒன்பதெழுத்து வடிவமும் போட்டி போடுகின்றன.

கூடுதல் எழுத்துக்குக் காரணம் பெரும்பாலும் எண் கணிதம். ஒவ்வோர் ஆங்கில எழுத்துக்கும் ஓர் எண் தரும் சால்டியன் முறையில் ஏழெழுத்தின் கூட்டுத்தொகை 17, அதாவது 1+7 = 8. அது சனியின் எண் என்று பெற்றோர் பயப்படுகிறார்கள். ஏவுக்கு 1, சிக்கு 3 சேர்ந்தால் 21 ஆகி, குருவின் 3 வந்துவிடுகிறது. எனக்கு இந்தக் கணக்கில் நம்பிக்கை இல்லை. ஆனால் இரட்டை ஏ 'கா' நெடில் என்று காட்டுகிறது, அது நல்ல விஷயம்தான். சி எதற்கும் உதவவில்லை.

அப்புறம் ஆவணங்கள். பிறப்புச் சான்றிதழ், ஆதார், மதிப்பெண் பட்டியல், பாஸ்போர்ட் எல்லாவற்றிலும் ஒரே எழுத்து வேண்டும். பிள்ளை வளர்ந்தபின் மாற்றினால் அரசிதழ் வரை அலைய வேண்டும். என் தேர்வு ஏழெழுத்துதான். ஒன்பதுதான் பிடித்திருக்கிறதா? சரி, பிறப்புச் சான்றிதழிலேயே அப்படிப் பதிந்துவிடுங்கள்.