சென்சர் மாற்றியதாகச் சொல்லி 14,650 ரூபாய்: கார் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து படிக்கவும்

14,650 ரூபாய். புது சென்சர் போட்டதாகச் சொல்லி வாங்கினார்கள். போடவே இல்லை. வண்டியில் ஏற்கனவே இருந்த பழைய சென்சரைத் துடைத்து, அதையே திரும்ப மாட்டிக் கொடுத்திருக்கிறார்கள். அதைவிடக் கொடுமை, அந்தப் பழைய சென்சரில் எந்தக் கோளாறும் கிடையாது. நேற்று சாயங்காலம்தான் இது தெரிந்தது. ராத்திரி முழுக்கத் தூக்கம் இல்லை.

இடம் தென்சென்னை. மெயின் ரோட்டை ஒட்டி, எல்லா கம்பெனி வண்டியும் பார்க்கும் மல்டி பிராண்ட் ஒர்க்‌ஷாப். ஏசி போட்ட வெயிட்டிங் ரூம், சுவரில் பெரிய டிவி, யூனிஃபார்ம் போட்ட பையன்கள். பெயரைப் போட்டால் நாளைக்கே வக்கீல் நோட்டீஸ் வரும், அதனால் போடவில்லை. கேட்க வேண்டாம்.

வண்டி 2012 சான்ட்ரோ, பெட்ரோல். ஆக்சிலரேட்டரை மிதித்தால் கேபிள் இழுத்து த்ராட்டிலை, அதாவது எஞ்சினுக்குக் காற்று போகும் வழியில் இருக்கும் மூடியை, திறக்கும் பழைய ரகம். கத்திப்பாரா மேம்பாலம் ஏறும்போது செகண்ட் கியரில் திடீரென்று இழுவை செத்துப்போகும், மறு நொடி ஒரு ஜெர்க்கோடு பாயும். சிக்னலில் நின்றால் ஐடில் (வண்டி நிற்கும்போது எஞ்சின் சுற்றும் வேகம்) ஏறி இறங்கும், சில சமயம் வண்டியே அணைந்துவிடும். செக் எஞ்சின் விளக்கு சில நாள் எரியும், சில நாள் எரியாது. பரனூர் டோல் வரிசையில் ஒருமுறை அணைந்து, பின்னால் லாரிக்காரர் ஹார்னை எடுக்கவே இல்லை. அம்மா பின்சீட்டில் உட்கார்ந்து முருகா முருகா என்கிறார். இனி தள்ளிப்போட முடியாது என்றுதான் அந்த ஒர்க்‌ஷாப்புக்குப் போனேன்.

இப்போது யோசித்தால் எனக்கு அதிகமாக எரிவது பணத்தை நினைத்து அல்ல. எப்படி நம்ப வைத்தார்கள் என்பதை நினைத்துத்தான்.

மேனேஜர் சத்தமே இல்லாமல் பேசுகிற மனிதர். நான் சொன்னதை எல்லாம் நோட்டில் எழுதிக்கொண்டார். மூன்று வருடம் முன்பு எலி ஒயரைக் கடித்து ஒரு ரிப்பேர் நடந்தது என்றும் சொன்னேன். அதையும் எழுதிக்கொண்டார். (இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.) பையன் டேஷ்போர்டுக்குக் கீழே ஸ்கேனரைச் சொருகினான். கொஞ்ச நேரத்தில் டேப்லெட்டை எடுத்து வந்து என் முன்னால் வைத்தார் மேனேஜர். சிவப்பு எழுத்தில் பி0122 என்று ஒரு கோடு, அதாவது கோளாறைச் சொல்லும் குறியீட்டு எண்.

"பாருங்க சார், நாங்க சொல்லல, உங்க வண்டியே சொல்லுது. த்ராட்டில் பொசிஷன் சென்சர் போயிடுச்சு." த்ராட்டில் எவ்வளவு திறந்திருக்கிறது என்று காட்டும் சென்சர் அது.

நான் ஏர் ஃபில்டர் மாற்ற வேண்டுமா என்று கேட்டேன். அவர் ஆளை விட்டு அதைக் கழற்றச் சொல்லி, வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். "இது இன்னும் நல்லா ஓடும் சார். எதுக்கு வீணா காசு? வேற இடமா இருந்தா இதையும் சேர்த்து மாத்தியிருப்பாங்க."

இங்கேதான் விழுந்தேன். முந்நூறோ நானூறோ வருகிற ஃபில்டர் வியாபாரத்தையே வேண்டாம் என்று சொல்கிற மனிதர் பெரிய விஷயத்தில் ஏமாற்றுவாரா என்று மனம் தானாகக் கணக்குப் போட்டுவிட்டது. அந்தக் கணக்கைப் போட வைக்கத்தான் அந்த ஃபில்டர் நாடகம். மீனுக்குப் புழு போடுகிற மாதிரி. அப்புறம் ஹாலோகிராம் ஒட்டிய ஒரு டப்பாவைக் கொண்டுவந்து காட்டினார். ஒரிஜினல், கம்பெனி சீல் என்றார். டப்பாவைக் காட்டினார், உள்ளே இருப்பதைக் காட்டவில்லை. ஃபில்டர் காபி வந்தது, குடித்தேன்.

மாலையில் வண்டி தயார். சென்சர் 7,200. த்ராட்டில் பாடி கிளீனிங் 1,950. ஸ்கேனிங் 1,000. ஈசியு (எஞ்சினைக் கட்டுப்படுத்தும் கம்ப்யூட்டர்) புரோகிராமிங் 2,500. லேபர் 2,000. மொத்தம் 14,650 ரூபாய். கொடுத்தது பில் இல்லை, எஸ்டிமேட் என்று மேலே அச்சடித்த ஒரு சீட்டு. பில் கேட்டேன். "ஜிஎஸ்டி போட்டா இன்னும் கூடும் சார், உங்களுக்காகத்தான் இப்படி" என்றார். பழைய சென்சரைக் கேட்டேன். "அது ஸ்கிராப்ல போட்டுட்டாங்களே சார்." ஜிபேயில் அனுப்பினேன். நல்லவேளை, அந்த ஒரு ஆதாரமாவது இருக்கிறது.

வண்டி அந்த வாரம் நன்றாகத்தான் ஓடியது. அப்புறம் அதே இடம், அதே மேம்பாலம், அதே ஜெர்க்.

இதற்குப் பிறகு நான் கேட்ட பதில்களை அப்படியே எழுதுகிறேன். முதலில், "புது சென்சர் சார், ஈசியு கத்துக்கணும், கொஞ்சம் ஓட்டுங்க." ஓட்டினேன். அடுத்தது, "பெட்ரோல் எங்க போடுறீங்க? இப்ப எல்லாம் எத்தனால் கலக்குறாங்க இல்ல, பழைய வண்டிக்கு ஒத்துக்காது." பங்க் மாற்றினேன். அடுத்தது, "பார்த்த டெக்னீஷியன் ஊருக்குப் போயிருக்கார், வந்ததும் கூப்பிடுறோம்." கூப்பிடவில்லை. நேரில் போனால் மேனேஜர் மீட்டிங்கில் இருக்கிறார். ஒர்க்‌ஷாப்பில் என்ன மீட்டிங் என்று எனக்கு இன்றுவரை புரியவில்லை. கடைசியில் கிடைத்த பதில், "எலக்ட்ரிக்கல் பார்ட்டுக்கு வாரண்டி கிடையாது சார். வேணும்னா த்ராட்டில் பாடியையே மாத்திப் பார்க்கலாம், ஒரு 18,000 ஆகும்."

14,650 வாங்கியது போதாது, இன்னொரு 18,000 கேட்கிறார்கள்!

எங்கள் அலுவலகத்தில் டிரைவராக இருக்கும் அண்ணன் ஒருவர் சொல்லி, பல்லாவரம் பக்கம் ஒரு ஆட்டோ எலக்ட்ரீஷியனிடம் வண்டியைக் கொண்டுபோனேன். தகரக் கொட்டகை, வயதான மனிதர். கையில் டிஜிட்டல்கூட இல்லை, முள் ஆடுகிற பழைய மல்டிமீட்டர். நான் பி0122 என்று ஆரம்பித்ததும் சிரித்தார்.

"கோடுல சென்சர் பேரு வந்தா சென்சர் போச்சுன்னு அர்த்தம் இல்ல தம்பி. அந்த லைன்ல வோல்ட் கம்மியா வருதுன்னுதான் அது சொல்லுது. ஏன் கம்மின்னு நாமதான் தேடணும்."

அவர் செய்ததை விவரமாகவே எழுதுகிறேன். இதைத் தெரிந்துகொண்டால் யாரும் உங்களிடம் டேப்லெட்டைக் காட்டி 14,650 பிடுங்க முடியாது.

இந்த மாதிரி வண்டியில் சென்சருக்கு மூன்று ஒயர் போகிறது. ஒன்றில் ஈசியுவிலிருந்து 5 வோல்ட் வரும், ஒன்று எர்த், மூன்றாவது சிக்னல். உள்ளே ஒரு கார்பன் பட்டை, அதன்மேல் ஒரு சின்ன முனை நகரும், நம் பழைய ரேடியோவின் வால்யூம் குமிழில் இருப்பதேதான். த்ராட்டில் மூடியிருக்கும்போது சிக்னல் சுமார் அரை வோல்ட், முழுதாகத் திறந்தால் நாலு, நாலரை. ஈசியு இதையும் வைத்துத்தான் பெட்ரோலைக் கணக்குப் பண்ணுகிறது.

சாவியை ஆன் செய்து, எஞ்சினை ஸ்டார்ட் பண்ணாமல், கப்ளரின் (ஒயர்களைச் சென்சரில் சொருகும் பிளக்) பின்பக்கம் ஊசி விட்டு மீட்டரை மாட்டினார். என்னை ஆக்சிலரேட்டரை மெதுவாக, ரொம்ப மெதுவாக மிதிக்கச் சொன்னார். முள் ஒரு துள்ளல்கூட இல்லாமல் வழுக்கிக்கொண்டு ஏறியது. பட்டை தேய்ந்திருந்தால் நடுவில் முள் சட்டென்று விழுந்து எழுமாம். அதுவும் பெரும்பாலும் ஆரம்ப இடத்தில், ஊருக்குள் ஓட்டுகிறவர்கள் கால் அங்கேயேதானே கிடக்கிறது. டிஜிட்டல் மீட்டரில் அந்த வெட்டு கண்ணுக்குத் தெரிவதற்குள் போய்விடும் என்பதால்தான் முள் மீட்டரை வைத்திருக்கிறாராம்.

"சென்சர் தங்கமா இருக்கு" என்றார். சரி, புதுசுதானே, அப்படித்தான் இருக்கும் என்று நினைத்தேன்.

அடுத்து மீட்டரை 5 வோல்ட் ஒயருக்கு மாற்றி, ஒயர் கட்டைப் பிடித்து லேசாக ஆட்டினார். முள் படுத்துவிட்டது. விட்டால் எழுகிறது, ஆட்டினால் படுக்கிறது. கட்டைப் பிரித்தால், எலி கடித்த இடத்தில் அன்றைக்கு யாரோ முறுக்கி டேப் சுற்றிய ஜாயின்ட். உள்ளே செம்பு பச்சை பூத்து, இரண்டு மூன்று இழைதான் ஒட்டிக்கொண்டிருந்தது. எஞ்சின் அதிர்ந்தால் விலகும், வோல்ட் போகும், கோடு வரும். ஒர்க்‌ஷாப்பில் கப்ளரைக் கழற்றி மாட்டியபோது அது தற்செயலாக ஒட்டியிருக்கிறது. அந்த வாரம் வண்டி ஓடியதன் ரகசியம் அவ்வளவுதான். எலி கடித்ததை நான் சொல்லி, அந்த மேனேஜர் நோட்டில் எழுதியும்கூட ஒருவரும் அந்த டேப்பைப் பிரித்துப் பார்க்கவில்லை.

வெட்டி, சால்டர் வைத்து, ஸ்லீவ் போட்டுச் சூடு காட்டி முடித்தார். 400 ரூபாய்.

கிளம்பும் நேரத்தில்தான் அவர் கேட்டார். "இந்தக் கப்ளர் லாக் காது உடைஞ்சு ரொம்ப நாளாயிருக்கும் போலிருக்கே, பிளாஸ்டிக் டை போட்டுக் கட்டியிருக்காங்க?"

எனக்கு வயிற்றைப் பிசைந்தது. சென்சர் பக்கத்தில் கப்ளர் மாட்டிக்கொள்ளும் பிளாஸ்டிக் காது உடைந்து, அதில் அழுக்கு படிந்து கறுத்திருக்கிறது. புது சென்சரில் எப்படி? எலி கடித்த சமயம் இன்சூரன்ஸுக்காக எஞ்சின் பக்கம் முழுக்கப் போட்டோ எடுத்து வைத்திருந்தேன். போனில் தேடிப் பெரிதாக்கிப் பார்த்தோம். அதே உடைந்த காது. அதன் பக்கத்தில் ஸ்க்ரூடிரைவர் வழுக்கிய அதே சாய்வான கீறல். மாறியிருந்தது ஒன்றுதான், அன்றைக்கு வெள்ளை டை, இன்றைக்குக் கறுப்பு டை. 7,200 ரூபாய் சென்சருக்குப் பதில் எனக்குக் கிடைத்தது ஒரு கறுப்பு டை.

ஈசியு புரோகிராமிங் 2,500 என்பதைப் பார்த்து அந்தப் பெரியவர், "கேபிள் வண்டிக்கு என்ன புரோகிராம் பண்ணினாங்களாம்?" என்று கேட்டார். இந்த வண்டிக்குக் கோடை அழித்துவிட்டுக் கொஞ்ச நேரம் ஐடிலில் ஓடவிட்டால் போதுமாம். கேபிள் இல்லாத எலக்ட்ரானிக் த்ராட்டில் வண்டிகள் வேறு. அவற்றில் பெரும்பாலும் த்ராட்டில் பாடிக்கு உள்ளேயே இரண்டு சென்சர் இருக்கும், கோளாறு வந்தால் பாடியையே மாற்ற வேண்டிவரும், மாற்றியபின் ஸ்கேனரில் கற்றுக்கொடுக்கும் வேலையும் இருக்கலாம். என் வண்டி அது இல்லை.

நேற்றே பழைய போட்டோ, இப்போது எடுத்த போட்டோ இரண்டையும் எடுத்துக்கொண்டு ஒர்க்‌ஷாப்புக்குப் போனேன். சத்தமில்லாத மேனேஜர் இப்போதும் சத்தமில்லாமல்தான் பேசினார். "மாட்டும்போது பசங்க கை பட்டு உடைஞ்சிருக்கும் சார்." கீறல்? "எல்லாத்துலயும் கீறல் இருக்கும் சார்." அப்படியானால் உடைந்த இடத்தில் எப்படி இவ்வளவு அழுக்கு? "நீங்க வெளியில கைவைக்க விட்டுட்டீங்க, இனி நாங்க பொறுப்பு இல்ல." உட்கார்ந்திருந்த இன்னொரு கஸ்டமர் தலையைத் தூக்கிப் பார்த்ததும் என்னைக் கையைப் பிடித்து வெளியே கூட்டிவந்தார். "ஒரு 1,500 டிஸ்கவுண்ட் வவுச்சர் தரேன், அடுத்த சர்வீஸ்ல கழிச்சுக்கோங்க." அடுத்த சர்வீஸாம்! இன்று காலையிலிருந்து போனை எடுக்கவில்லை. வாட்ஸ்அப்பில் படித்ததற்கான நீல டிக் மட்டும் விழுகிறது.

என்னென்ன கவனிக்க வேண்டும் என்று வரிசையாக எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன். இருக்கிற கோபத்தில் இவ்வளவுதான் வருகிறது.

பழைய பார்ட்டைக் கையில் வாங்காமல் பணம் கொடுக்காதீர்கள், மாற்றும் முன்பே சொல்லி வையுங்கள். வண்டியை விடும்போது அந்த பார்ட்டைக் கிட்டத்தில் போட்டோ எடுங்கள், முடிந்தால் பெயின்ட்டிலோ மார்க்கரிலோ ஒரு புள்ளி வையுங்கள். டப்பாவைப் பார்த்து ஏமாறாதீர்கள், உங்கள் கண் முன்னால் பிரிக்கச் சொல்லுங்கள். கோடு வந்தது என்று சொன்னால், வோல்ட் பார்த்தீர்களா, எவ்வளவு வந்தது என்று கேளுங்கள். பதில் வரவில்லை என்றால் சாவியை வாங்கிக்கொண்டு கிளம்புங்கள். எஸ்டிமேட் சீட்டு பில் ஆகாது.

நான் 1915, தேசிய நுகர்வோர் ஹெல்ப்லைனில் புகார் பதிந்திருக்கிறேன். அதில் நடக்கவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். நாம் கொடுத்த பணம் 5 லட்சம் வரை என்றால் கட்டணம் இல்லை, 2 வருடத்துக்குள் போட வேண்டும் என்று விசாரித்து வைத்திருக்கிறேன். ஜிபே ரசீது, எஸ்டிமேட் சீட்டு, இரண்டு போட்டோ எல்லாம் இருக்கிறது. அந்தப் பெரியவர் எழுதிக் கொடுக்கவும் தயார் என்றார். இதே மாதிரி அந்தப் பக்கம் யாருக்காவது சென்சர் மாற்றியதாகச் சொல்லியிருந்தால் முதலில் பானெட்டைத் திறந்து பாருங்கள், பிறகு எனக்குத் தனி மெசேஜ் போடுங்கள், சேர்ந்தே புகார் கொடுக்கலாம். 14,650 ரூபாயை நான் விடுவதாக இல்லை.