பிடிஎஃப், கிண்டில், அச்சுப் புத்தகம்: நான் எதை விட்டேன், எதை எடுத்தேன்

என் போனில் தமிழ் நாவல்களும் சிறுகதைத் தொகுப்புகளுமாக நானூறு பிடிஎஃப் இருந்தன. நாலு வருஷமாக டெலிகிராம் குழுக்களிலிருந்து சேர்த்தவை. போன ஜனவரியில் பெரும்பாலானவற்றை அழித்துவிட்டேன். இப்போது அச்சுப் புத்தகம் வாங்குகிறேன். முடியாதபோது, மாதச் சந்தா கட்டி மின்நூல் படிக்கும் அமேசானின் கிண்டில் அன்லிமிடெட்.

பிடிஎஃப் இலவசம், கேட்டவுடன் கிடைக்கும். அதில் வாதாட ஒன்றுமில்லை. ஆனால் முக்கால்வாசி யாரோ மேஜையில் விரித்துவைத்துப் படம் பிடித்தவை. நான் படித்த ஒரு நாவலில் பக்க ஓரமெல்லாம் கட்டைவிரல் தெரியும். 113ஆம் பக்கத்துக்கு அடுத்து 116. நடுவில் என்ன ஆனது என்று ஊகித்துக்கொண்டே மிச்சத்தைப் படித்தேன்.

அதை எழுதியவரை நந்தனத்தில், சென்னைப் புத்தகக் காட்சியில் பார்த்தேன். "சார், உங்க நாவல் படிச்சேன், ரொம்பப் பிடிச்சது" என்றேன். முகம் மலர்ந்துபோய், "எங்க வாங்கினீங்க?" என்று கேட்டார். நண்பரிடம் இரவல் வாங்கியதாகப் பொய் சொன்னேன். பக்கத்தில் இருந்த பதிப்பாளர், "அடிச்சதே முந்நூறு பிரதிதான் தம்பி, அதுவே இன்னும் தீரலை. சாரோட அடுத்த நாவல் ரெடியா இருக்கு, இது முடிஞ்சாத்தான் கையில எடுக்க முடியும்" என்றார். கழிவு போக 270 ரூபாய் கொடுத்து வாங்கி, ரயிலிலேயே அந்த இரண்டு பக்கத்தையும் படித்தேன். கதாநாயகனின் அம்மா இறந்துபோவது அங்கேதான்.

அந்த முந்நூறைப் பற்றித்தான் நான் அதிகம் சொல்ல வேண்டும். பெரிய படத்துக்குத் தியேட்டர், டிவி, ஓடிடி என்று பல வாசல்களில் பணம் வரும். ஒரு வாசலில் திருட்டுப்போனாலும் மற்றவை இருக்கும். தமிழ் நாவலுக்குப் பெரும்பாலும் ஒரே வாசல்தான். 300 ரூபாய் புத்தகத்துக்குப் பத்து சதவீத ராயல்டி என்றால் பிரதிக்கு 30 ரூபாய், பதிப்பு முழுக்க விற்றால் 9,000. 'முப்பது ரூபாய்தானே' என்று நானும் நினைத்திருக்கிறேன். இங்கே காசைவிட எண்ணிக்கை பெரியது. மறுபதிப்பு போடலாமா, இவருடைய அடுத்த நாவலை எடுக்கலாமா என்று பதிப்பாளர் முடிவெடுப்பது விற்ற பிரதிகளை வைத்து. முப்பது பேர் பிடிஎஃப்புக்குப் போனால் பதிப்பில் பத்தில் ஒரு பங்கு போயிற்று. அந்த முப்பது பேரும் உருகி உருகிப் படித்திருக்கலாம். ஆனால் எந்தக் கணக்கிலும் அவர்கள் வரமாட்டார்கள்.

பிடிஎஃப் படிப்பவர்கள் எப்படியும் வாங்கியிருக்க மாட்டார்கள் என்பார்கள். என் நானூறில் பெரும்பாலானவற்றுக்கு அது உண்மை, திறந்துகூடப் பார்த்ததில்லை. ஆனால் முழுசாகப் படித்து, நாலு பேரிடம் சொன்ன பதினைந்து இருபது இருந்தன. அவற்றை நிச்சயம் வாங்கியிருப்பேன்.

கிண்டில் அன்லிமிடெட் எனக்கு மாதம் 169 ரூபாய். இது வாடகைதான், சந்தாவை நிறுத்தினால் புத்தகமும் போய்விடும். விலை கொடுத்து வாங்கிய மின்நூலே முழுசாக நம் சொத்து இல்லை. விற்றவருக்கு உரிமை இல்லை என்று சொல்லி, 2009இல் ஜார்ஜ் ஆர்வெல்லின் இரண்டு நாவல்களை வாசகர்களின் கருவிகளிலிருந்தே அமேசான் நீக்கியது. பிறகு மன்னிப்பும் கேட்டது. இருந்தாலும் அன்லிமிடெடில் எத்தனை பக்கம் படித்தோமோ அத்தனைக்கும் எழுத்தாளருக்குப் பணம் போகிறது. பக்கத்துக்கு இவ்வளவு என்பது மாதாமாதம் மாறும், தொகையும் சிறியதுதான். ஆனால் நான் படித்தது பதிவாகிறது. குறை என்றால், நான் தேடும் சிறு பதிப்பகங்களின் புத்தகங்கள் பல அதில் இல்லை.

நூலகம் எனக்குத் தூரம், அதனால் அதைப் பற்றி நியாயமாகச் சொல்ல முடியாது. ஒலிநூல் இரண்டுதான் கேட்டிருக்கிறேன். கனடாவில் இருக்கும் என் தங்கைக்குப் புத்தக விலையைவிடத் தபால் செலவு அதிகம். அவள் இடத்தில் நான் இருந்தால் இவ்வளவு உறுதியாக இருப்பேனா, தெரியவில்லை.

பழைய புத்தகங்கள் என்றால் திருட்டுக்குத் தேவையே இல்லை. இந்தியாவில் ஆசிரியர் இறந்து 60 ஆண்டு ஆனால் பதிப்புரிமை முடிந்துவிடும், யாரும் வெளியிடலாம். பாரதி தொடங்கிப் புதுமைப்பித்தன், கல்கி என்று பலருடைய எழுத்தை அரசே நாட்டுடைமை ஆக்கியிருக்கிறது. தன்னார்வலர்கள் நடத்தும் மதுரைத் திட்டம் 1998இலிருந்து தட்டச்சு செய்து வலையேற்றுகிறது. ஈழத்து நூல்களுக்கு 'நூலகம்' என்ற இணையதளம் இருக்கிறது. கட்டைவிரல் தெரியாத பக்கங்களாகவே படிக்கலாம்.

நடுவில் ஒரு வகை மாட்டிக்கொள்கிறது. ஆசிரியர் எண்பதுகளில் இறந்திருப்பார், உரிமை இன்னும் வாரிசுகளிடம் இருக்கும், பதிப்பகம் மூடியிருக்கும், பழைய புத்தகக் கடையிலும் கிடைக்காது. அப்படிப்பட்ட பதினொரு பிடிஎஃப்பை அழிக்காமல் வைத்திருக்கிறேன். அதில் மூன்றின் பெயரை அந்தப் பதிப்பாளருக்கு எழுதி அனுப்பினேன். ஒருவருடைய மகளைத் தேடிப் பார்ப்பதாகச் சொல்லியிருக்கிறார்.