பிரிக்பீல்ட்ஸ் சனிக்கிழமை வகுப்பு: காலை பிரமாதம், மாலை அவசரம்

கிறிஸ்தவ சபைக் கணக்கு எழுதுகிறவர்களுக்கென்று கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஒரு முழுநாள் வகுப்பு நடத்துகிறார்கள். காலையில் தசமபாகத்தின், அதாவது வருமானத்தில் பத்தில் ஒன்றைச் சபைக்குக் கொடுப்பதன் வரலாறு, சாப்பாட்டுக்குப் பிறகு போதகர்களின் வருமான வரி. கட்டணம் 80 வெள்ளி (ரிங்கிட்), மதியச் சாப்பாடும் அதில் அடக்கம். துன் சம்பந்தன் சாலையை ஒட்டிய சந்தில், ஒரு கடைவீட்டின் மேல்மாடி. லிஃப்ட் கிடையாது, முட்டிவலிக்காரர்கள் யோசித்துக்கொள்ளுங்கள். நான் செந்தூலில் ஒரு சின்னத் தமிழ்ச் சபைக்குப் பொருளாளர். எங்களைப் போன்றவர்கள் காலைப் பகுதிக்காகத் தாராளமாகப் போகலாம். மாலைப் பகுதி இன்னும் சரியாக வேகவில்லை.

வகுப்பு எடுப்பவர் வரி இலாகாவில் இருந்து ஓய்வுபெற்ற பினாங்குக்காரர். எல்லோரும் ஐயா என்றே கூப்பிடுகிறோம். இவரும் தசமபாகத்தைக் கொண்டுவாருங்கள் என்கிற மல்கியா 3:10-ஐ எடுத்துக்கொண்டு பிரசங்கத்தில் இறங்கிவிடுவாரோ என்ற பயம் எனக்கு இருந்தது. இறங்கவில்லை. "பாவ புண்ணியத்த பாஸ்டருங்க பாத்துக்குவாங்க. யார் குடுத்தா, யார் வாங்குனா, யார் தப்பிச்சா, அத மட்டும் நாம பாப்போம்" என்று ஆரம்பித்து, நேராக பைபிளில் எண்ணாகமம் 18-க்குப் போனார். ஜனங்கள் ஆலய வேலை செய்த லேவியருக்குத் தசமபாகம் கொடுத்தார்கள், அது எல்லோருக்கும் தெரியும். வாங்கிய லேவியரும் அதில் பத்தில் ஒன்றை எடுத்து ஆசாரியனுக்குக் கொடுக்க வேண்டும் என்று 26-ஆம் வசனத்தில் இருக்கிறது. அதைப் பிரசங்க பீடத்திலிருந்து எத்தனை முறை கேட்டிருக்கிறீர்கள் என்று கேட்டார். முன்வரிசையில் இருந்த இரண்டு பாஸ்டர்களும் பைபிளைப் புரட்ட ஆரம்பித்தார்கள்.

ஐரோப்பாவுக்கு வந்ததும் ஆள் சூடுபிடித்துவிட்டார். 585-இல் பிரான்சில் மாக்கோன் என்ற ஊரில் கூடிய ஆயர்கள், தசமபாகம் கொடுக்காதவனைச் சபையிலிருந்து விலக்கு என்று தீர்மானம் போட்டார்கள். 779-இல் சார்லமேன் மன்னர் அதை நாட்டுச் சட்டமாகவே ஆக்கினார். அதுவரை பயமுறுத்தி வாங்கியதை அதற்குப் பிறகு அதிகாரத்தோடு வாங்கினார்கள். ஒரு தலைமுறைக்கு மேல் வரி வசூலித்த மனுஷன் இதைச் சொல்லும்போது குரலில் ஒரு ரசனை இருந்தது, மறைக்க முடியாது.

காலையின் உச்சம் 1296. பிரான்சின் நான்காம் பிலிப்பும் இங்கிலாந்தின் முதலாம் எட்வர்டும் சண்டைச் செலவுக்காகக் குருமார் சொத்தில் கை வைக்கிறார்கள். போப் எட்டாம் போனிபஸ் ஓர் ஆணை போடுகிறார்: என் அனுமதி இல்லாமல் குருமாரிடம் வரி வாங்குகிற அரசனும் சரி, கட்டுகிற குருவும் சரி, சபைக்கு வெளியே. பிலிப் பதிலுக்குத் தங்கம், வெள்ளி எதுவும் நாட்டை விட்டு வெளியே போகக்கூடாது என்று தடை போட்டார். ரோமுக்குப் போகிற காசு அப்படியே நின்றது. எட்வர்ட் போட்ட கணக்கு இன்னும் கில்லாடித்தனமானது. ஐந்தில் ஒரு பங்கு கேட்டார், குருமார் முடியாது என்றார்கள். சரி, அப்படியானால் அரசனின் பாதுகாப்பும் உங்களுக்கு இல்லை என்று 1297 ஜனவரியில் கைவிட்டுவிட்டார். எவனாவது குருவின் குதிரையைப் பிடுங்கிக்கொண்டு போனால்கூட வழக்குப் போட முடியாது. பாதுகாப்பு திரும்ப வேண்டுமா? அதே ஐந்தில் ஒரு பங்கை அபராதமாகக் கட்டு. வரி என்று கேட்டால்தானே போப் தடுப்பார்! அந்த வருடமே போனிபஸ் இறங்கிவந்து, அவசரக் காலத்தில் அரசன் வாங்கிக்கொள்ளலாம் என்று இன்னொரு ஆணை விட்டார். வகுப்பில் சிரிப்பு அடங்கச் சற்று நேரம் ஆனது.

இங்கிலாந்தின் எட்டாம் ஹென்றி போப்பைத் தூக்கிவிட்டுத் தானே அந்த நாற்காலியில் உட்கார்ந்த கதையும் உண்டு. ஒரு குரு பதவிக்கு வந்ததும் முதல் வருட வருமானத்தையும், பிறகு பத்தில் ஒன்றையும் ரோமுக்குக் கட்டிக்கொண்டிருந்தார். 1534-இல் ஹென்றி அதை நிறுத்தவில்லை, தன் கஜானாவுக்குத் திருப்பிக்கொண்டார். எவ்வளவு தேறும் என்று பார்க்க 1535-இல் நாட்டின் எல்லாக் கோயில் வருமானத்தையும் கணக்கெடுக்க வைத்தார். 1704-இல் ஆன் ராணிதான் அந்தப் பணத்தை ஏழைக் குருமாருக்கென்று திருப்பிவிட்டார். இதற்கு நடுவில் 1664-இல் குருமார் தங்களுக்குத் தாங்களே வரி விதித்துக்கொள்ளும் பழைய உரிமையை விட்டார்கள். மற்றவர்களைப் போலக் கட்டத் தொடங்கினார்கள், நாடாளுமன்றத் தேர்தலில் ஓட்டும் கிடைத்தது. இந்த இடத்தை ஐயா ஓடியே கடந்தார், எனக்குப் பத்தவில்லை.

இங்கிலாந்தின் வயல்காட்டு விஷயம் வந்தபோது ஒரு தாளை எல்லோர் கைக்கும் கொடுத்தார். அறுப்பு முடிந்தால் பத்தாவது கதிர்க்கட்டை வயலிலேயே விட வேண்டும், குருவின் வண்டி வந்து ஏற்றிக்கொள்ளும். வண்டி தாமதமாகி மழை பிடித்தால் விவசாயி கதி அதோகதி. கதிரோடு முடியவில்லை, பன்றிக்குட்டி, கம்பளி, பால், முட்டை எல்லாவற்றிலும் பங்கு. இந்தத் தொல்லையைப் பணமாக மாற்றத்தான் 1836-இல் சட்டம் வந்தது. கோதுமை, வாற்கோதுமை, ஓட்ஸ் மூன்றின் ஏழு வருடச் சராசரி விலையை வைத்து வருடாவருடம் தொகை ஏறி இறங்கும். அதற்காக ஊர் ஊராக நிலத்தை அளந்து வரைபடமும் பட்டியலும் போட்டார்கள். ஐயா கொடுத்தது அப்படி ஒரு பட்டியலின் நகல். நிலக்காரர், பயிரிடுகிறவர், எண், வயலின் பெயர், என்ன பயிர், பரப்பு, கடைசிப் பத்தியில் கட்ட வேண்டிய தொகை. வயலுக்குக்கூடப் பெயர் எழுதி வைத்திருக்கிறார்கள்! கணக்கு எழுதுகிற எனக்கு அந்தப் பத்திகளைப் பார்த்ததும் ஒரு மரியாதை வந்தது. ஆனால் நகல் படுமோசம். எழுத்து எறும்பு சைஸில், பாதி கறுப்பாகி, பூதக்கண்ணாடி வைத்தாலும் தொகை தெரியாது. 80 வெள்ளி வாங்குகிறவர்கள் ஒரு நல்ல பிரிண்ட் எடுக்கக் கூடாதா?

அயர்லாந்து பகுதி கேட்கச் சங்கடமாக இருந்தது. கத்தோலிக்க விவசாயிகள், தாங்கள் காலடிகூட வைக்காத ஆங்கிலிக்கன் சபைக்குத் தசமபாகம் கட்ட வேண்டும். 1831-இல் கட்ட மறுத்தவர்களின் மாடுகளைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அடிதடி, துப்பாக்கிச் சூடு, சாவு. 1838-இல் கால் பங்கைக் குறைத்து, கட்டும் பொறுப்பை நிலச்சுவான்தார் தலையில் வைத்தார்கள். அவர் அதை வாடகையில் ஏற்றமாட்டாரா என்று பின்வரிசையிலிருந்து ஓர் அக்கா கேட்டார். ஐயா சிரித்ததோடு சரி.

நம் பக்கத்துக் கதையைத் தொட்டது கொஞ்சம்தான். பினாங்கு செயின்ட் ஜார்ஜ் தேவாலயம் 1818-இல் கிழக்கிந்தியக் கம்பெனி செலவில் எழுந்தது, அங்கே ஊழியம் செய்த குருவான சாப்ளினுக்குச் சம்பளமும் கம்பெனிதான் கொடுத்தது, யாரும் கதிர்க்கட்டு விடவில்லை. அவ்வளவுதான். திருநெல்வேலிப் பக்கத்துச் சபைகளில் பெண்கள் உலை வைக்கும் முன் சபைக்கென்று ஒதுக்கிய கைப்பிடி அரிசி, அறுப்பின் பண்டிகையில் கொண்டுவந்த வாழைத்தாரையும் கோழியையும் ஏலம் விடுவது, இதெல்லாம் எங்கே? வந்திருந்தவர்களில் பாதிப்பேர் வீட்டில் இந்தக் கதை இருக்கும். மாக்கோனுக்குக் கொடுத்த நேரத்தில் பாதியைப் பாளையங்கோட்டைக்குக் கொடுத்திருக்கலாம்.

சாப்பாடு வாழையிலையில். மீன் குழம்பு நன்றாக இருந்தது, ரசம் வெறும் சுடுதண்ணீர். அதற்குப் பிறகு அந்த ஏர்கோனில் யாருக்குத்தான் தூக்கம் வராது? சால்வை கொண்டுபோங்கள்.

மாலைப் பகுதியில் நல்ல விஷயம் இல்லாமல் இல்லை. சபை சம்பளம் கொடுக்கிறது என்றால் சபை ஒரு முதலாளி. பிப்ரவரி முடிவதற்குள் பாஸ்டர் கையில் ஈ.ஏ. பாரம், அதாவது வருடச் சம்பள விவரத் தாள் போயாக வேண்டும், பாஸ்டரும் மற்றவர்களைப் போலக் கணக்குக் கொடுக்க வேண்டும். சபை தரும் வீடும் சும்மா வந்ததாகாது, சலுகையாகக் கணக்கில் ஏறும். அடுத்து நன்கொடை. அங்கீகாரம் பெற்ற அமைப்புகளுக்குக் கொடுத்ததை, தனிநபர் தன் மொத்த வருமானத்தில் 10 விழுக்காடு வரை கழித்துக்கொள்ளலாம். "பத்துல ஒண்ணு, பாத்தீங்களா" என்று ஐயாவே ரசித்துக்கொண்டார். ஆனால் அந்த அங்கீகாரம் இல்லாத சபையின் காணிக்கைப் பெட்டியில் போட்டதற்கு வரியில் கழிவு எதுவும் இல்லை. முஸ்லிம் நண்பர்கள் கட்டும் ஜக்காத் வேறு ரகம், அது வருமானத்தில் இல்லாமல் கட்ட வேண்டிய வரியிலேயே நேராகக் கழியும். இந்த வித்தியாசத்தை இவ்வளவு தெளிவாக யாரும் எனக்குச் சொன்னதில்லை.

நான் போனதே ஒரு கேள்விக்காக. கல்யாணம், வீடு பிரதிஷ்டை, கிறிஸ்துமஸ் என்று பாஸ்டர் கையில் திணிக்கிற கவருக்கு வரி உண்டா? ஐயா 1909-ஆம் வருடத்து பிளாக்கிஸ்டன் வழக்கைச் சொன்னார். ஈஸ்டர் ஆராதனையில் விகாருக்கென்று, அதாவது அந்த ஊர்ச் சபைக் குருவுக்கென்று எடுத்த காணிக்கை, ஜனங்கள் மனமுவந்து கொடுத்ததுதான். ஆனாலும் அவர் அந்தப் பதவியில் இருப்பதால் வந்தது, ஆகவே வரி உண்டு என்று அன்று உச்ச நீதிமன்றமாகவும் இருந்த இங்கிலாந்துப் பிரபுக்கள் சபை தீர்ப்புச் சொன்னது. ஆளுக்காக வந்ததா, பதவிக்காக வந்ததா, அதைத்தான் பார்க்க வேண்டும் என்றார். அருமையான பதில். முன்வரிசை பாஸ்டர் ஒருவர், "அப்போ பொறந்தநாளுக்குக் குடுத்தா?" என்று எழுந்தார். கை மேல் கை தூக்கினார்கள். அந்த நேரம் பார்த்து ஏற்பாட்டாளர் வந்து, ஐந்து மணிக்கு அடுத்த கூட்டத்துக்கு ஹால் வேண்டும் என்று நாற்காலிகளை மடக்கத் தொடங்கிவிட்டார். பாஸ்டருக்கு இன்றுவரை பதில் இல்லை.

இரண்டு சனிக்கிழமையாகப் பிரித்து நடத்தினால் 150 வெள்ளிகூடக் கொடுக்கலாம். இப்போதைக்கு ஐந்துக்கு மூன்றரை. காரில் போவதைவிட எல்ஆர்டியில் கேஎல் சென்ட்ரலில் இறங்கி நடப்பது நல்லது. சபைச் செலவில் போகிறவர்கள் 80 வெள்ளிக்கு ரசீது கேட்டு வாங்குங்கள், கேட்டால்தான் எழுதித் தருகிறார்கள்.