வத்திக்கான் அருங்காட்சியகம்: சிறு குழுவோடு போவதா, நாமே டிக்கெட் எடுத்துப் போவதா?

காரைக்குடிப் பக்கம் ஐரோப்பா போகத் திட்டமிடும் குடும்பங்கள் இப்போது நிறைய. பிள்ளைகள் அங்கே வேலையில் இருப்பார்கள், இல்லையென்றால் சென்னையிலிருந்து கிளம்பும் பேக்கேஜ் டூரில் பெயர் கொடுத்திருப்பார்கள். அப்பச்சி, ஆத்தாவைக் கூட்டிக்கொண்டு நாங்கள் ரோம் போய்வந்தது தெரிந்ததும், உறவில் பலர் கேட்டது வத்திக்கான் அருங்காட்சியகத்தைப் பற்றித்தான். வழிகாட்டியோடு போவதா, நாமே போய்க்கொள்ளலாமா என்று. நாங்கள் சிறு குழுவோடு போனோம். என் கட்சியும் அதுதான். மற்ற வழிகளுக்கும் நியாயம் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன்.

முதலில் பேக்கேஜ் டூர். பேருந்தில் நாற்பது பேரோடு போகும் பல பயணத் திட்டங்களில் ‘வத்திக்கான்’ என்று போட்டிருந்தால், அது புனித பேதுரு சதுக்கத்தையும் பேராலயத்தையும் மட்டும் குறிக்கலாம். பேராலயத்துக்குக் கட்டணம் கிடையாது. அருங்காட்சியகம் தனி, அதன் வாசலும் மதிலைச் சுற்றிப் போனால் வேறு பக்கம். மைக்கேலாஞ்சலோவின் விதான ஓவியத்துக்குப் பேர்போன சிஸ்டைன் சிற்றாலயம் அருங்காட்சியகத்துக்குள்தான் இருக்கிறது. பணம் கட்டும் முன் ‘சிஸ்டைன் சேர்த்தியா?’ என்று கேட்டு, எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். சேர்த்தி என்றாலும், நாற்பது பேர் ஒரு கொடியின் பின்னால் ஓடும் வேகத்தில் வயதானவர்களுக்கு ஒன்றும் நிற்காது. இந்த வழியைப் பற்றி இதற்கு மேல் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை.

உண்மையான போட்டி மற்ற இரண்டுக்கும் நடுவில்தான்.

நாமே போவதில் செலவு குறைவு. நாங்கள் போனபோது டிக்கெட் 20 யூரோ, நேரம் குறித்து இணையத்தில் எடுத்தால் கூடுதலாக 5 யூரோ. அதிகாரபூர்வத் தளத்திலேயே எடுக்கலாம், ஆனால் நல்ல நேரங்கள் சீக்கிரம் தீர்ந்துவிடும். காதில் வைத்துக் கேட்கும் ஒலி வழிகாட்டியை உள்ளே வாடகைக்குத் தருகிறார்கள். தமிழில் இல்லை, ஆங்கிலத்தில் கேட்கலாம். இஷ்டப்பட்ட இடத்தில் உட்காரலாம், பிடிக்காத கூடத்தைத் தாண்டிப் போகலாம், பிடித்த படத்தின் முன் அரை மணி நேரம் நிற்கலாம். இது சின்ன வசதி இல்லை. ஓவியம் படித்தவர்கள், ஏற்கெனவே ஒரு முறை போய்வந்தவர்கள், கைக்குழந்தையோடு போகிறவர்கள் எல்லாம் இப்படிப் போவதே நல்லது என்று நினைக்கிறேன்.

சிறு குழு என்றால் பத்துப் பன்னிரண்டு பேர், ஒரு வழிகாட்டி, மூன்று மணி நேரம் போல. வழிகாட்டி மெல்லப் பேசுவார், நம் காதில் மாட்டிய கருவியில் அது தெளிவாகக் கேட்கும். செலவு எங்களுக்கு ஆளுக்கு வெறும் டிக்கெட்டைப் போல மூன்று மடங்குக்கு மேல் வந்தது. நான்கு பேருக்குக் கணக்குப் போட்டால் கொஞ்சம் யோசிக்க வைக்கும் தொகைதான். வரிசையில் நிற்காமல் உள்ளே போகலாம் என்பதைத்தான் விளம்பரத்தில் பெரிதாகப் போடுவார்கள். அதற்காக இதை எடுக்க வேண்டியதில்லை, நேரம் குறித்த டிக்கெட் இருந்தாலே அந்த நீண்ட வரிசை இல்லை. பாதுகாப்புச் சோதனை எல்லோருக்கும் உண்டு.

அப்புறம் எதற்காக அவ்வளவு பணம்? என் பதில் சிஸ்டைன் சிற்றாலயத்தில் இருக்கிறது.

சிற்றாலயத்துக்குள் யாரும் பேசக்கூடாது, படமும் எடுக்கக்கூடாது. அது இன்றும் வழிபாட்டு இடம், புதிய போப்பைத் தேர்ந்தெடுக்கக் கர்தினால்கள் கூடுவதும் அங்கேதான். சத்தம் கொஞ்சம் கூடினால் காவலர்கள் அதட்டி அடக்குகிறார்கள். வழிகாட்டிகளும் உள்ளே விளக்கம் சொல்ல முடியாது. அதனால் அவர்கள் முன்கூட்டியே, பெரிய வெண்கலப் பைன்காய் நிற்கும் முற்றத்தில், விதானத்தின் படம் போட்ட பலகைகளுக்கு முன் குழுவை நிறுத்தி எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிடுவார்கள். எங்கள் குழுவுக்கும் அப்படித்தான் நடந்தது. முழுச் சுற்றிலும் பணத்துக்கு மதிப்பு தந்த நேரம் அந்தப் பலகைக்கு முன் நின்ற நேரம்தான் என்று நான் உறுதியாகச் சொல்வேன்.

காரணம் இருக்கிறது. அருங்காட்சியக வழியாக வருகிறவர்கள் சிற்றாலயத்துக்குள் நுழையும் கதவு பலிபீடச் சுவர்ப் பக்கம் இருக்கிறது. உள்ளே கால் வைத்ததும் கூட்டம் நம்மை நடுவே தள்ளிக்கொண்டு போகும். எல்லோரும் தலையை அண்ணாந்து, விதானத்தில் கடவுளை நோக்கி நீளும் ஆதாமின் விரலைத் தேடுவார்கள். மைக்கேலாஞ்சலோ பின்னாளில் தீட்டிய ‘இறுதித் தீர்ப்பு’ ஓவியம் நம் முதுகுக்குப் பின்னால், நுழைந்த சுவர் முழுக்க நிற்கிறது. திரும்பிப் பார்க்க வேண்டும் என்று தெரிந்தவர்தான் உடனே திரும்புவார். விதானத்தில் ஆதியாகமக் காட்சிகள் ஒன்பது. கதைப்படி பலிபீடத்துக்கு மேலே படைப்பில் தொடங்கி, எதிர்க் கோடியில் நோவாவில் முடிகின்றன. மைக்கேலாஞ்சலோ தீட்டியதோ நோவா பக்கத்திலிருந்து. 1508-இல் தொடங்கி, பாதி வேலையில் சாரத்தைப் பிரித்தபோது கீழிருந்து பார்த்திருக்கிறார். பிரளயக் காட்சியில் ஆட்கள் நெருக்கமாகவும் சின்னதாகவும் இருப்பது தெரிந்திருக்கிறது. அதற்குப் பிறகு தீட்டிய காட்சிகளில் ஆட்கள் குறைந்து, உருவங்கள் பெரிதாகின்றன. 1512-இல் வேலை முடிந்தது. இதைக் கேட்டுவிட்டு உள்ளே போனால், ஒரு கோடியிலிருந்து மறு கோடிக்குப் பார்வையை ஓட்டும்போது ஒரு மனிதர் வேலை செய்துகொண்டே கற்றுக்கொண்டது கண்ணுக்குத் தெரிகிறது. கேட்காமல் போனால் நூற்றுக்கணக்கான உருவங்கள், கழுத்துவலி.

இன்னும் சில. பலிபீடத்துக்கு மேலே தீர்க்கதரிசி யோனா பின்னால் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறார், ஆனால் அந்த இடத்தில் சுவர் நம்மை நோக்கி முன்னால் வளைகிறது. முன்னே வளையும் பரப்பில் பின்னே சாயும் உடம்பைத் தீட்டியிருக்கிறார். 1980-இல் தொடங்கி 1994-இல் முடிந்த சுத்திகரிப்பின்போது, பழைய புகைக்கறை எப்படி இருந்தது என்று காட்ட ஒன்றிரண்டு சிறு துண்டுகளைக் கறுப்பாகவே விட்டிருக்கிறார்கள். ‘இறுதித் தீர்ப்பு’ (1536 முதல் 1541 வரை) ஓவியத்தில் புனித பர்த்தலமேயு கையில் தொங்கும் உரித்த தோலில் உள்ள முகம் மைக்கேலாஞ்சலோவின் முகம் என்று அறிஞர்கள் சொல்கிறார்கள். வலது கீழ்க் கோடியில் கழுதைக் காதோடும் உடம்பைச் சுற்றிய பாம்போடும் நிற்பவருக்கு, அந்த ஓவியத்தைக் குறை சொன்ன போப்பின் அதிகாரி ஒருவரின் முகம். இதெல்லாம் புத்தகத்திலும் இருக்கிறது, சரி. ஆனால் உள்ளே நிற்கக் கிடைப்பது இருபது நிமிடம் போல. எதை எங்கே தேட வேண்டும் என்பது மனதில் சூடாக இருக்கும்போது போவது வேறு.

ஒலி வழிகாட்டி உள்ளேயும் காதில் ஒலிக்கும், அது அதன் பலம்தான். ஆனால் அதனிடம் கேள்வி கேட்க முடியாது. எனக்கு இது பெரிய விஷயமாகப் பட்டதற்குக் காரணம் அப்பச்சி. பலகைக்கு முன் எல்லோரும் ஆதாமைப் பார்த்துக்கொண்டிருக்க, அவர் கேட்டது சுவரைப் பற்றி: “ஐந்நூறு வருஷமா வர்ணம் உதிராம இருக்கே, சாந்து என்ன சாந்துன்னு கேளு.” நான் மொழிபெயர்த்தேன். வழிகாட்டிப் பெண்ணுக்கு அந்தக் கேள்வி மிகவும் பிடித்துவிட்டது. சுண்ணாம்புச் சாந்தை ஈரமாகப் பூசி, அது காய்வதற்குள் தண்ணீரில் குழைத்த வண்ணத்தைத் தீட்ட வேண்டும். சுண்ணாம்பு காற்றிலிருந்து கரியமில வாயுவை இழுத்து இறுகும்போது வண்ணத்தையும் தன்னோடு பிடித்துக்கொள்ளும். அதனால் அன்றன்றைக்குத் தீட்டி முடிக்கக்கூடிய அளவுக்கு மட்டும் சாந்து பூசுவார்கள். உற்றுப் பார்த்தால் ஒரு நாள் வேலையும் அடுத்த நாள் வேலையும் சேரும் கோடு தெரியும் என்றார். ஆரம்பத்தில் சாந்தில் ஈரம் கூடி, தீட்டிய இடத்தில் பூஞ்சணம் பூத்ததையும் சொன்னார்.

நம் ஊர் வீடுகளின் சுவரை நினைத்துக்கொள்ளுங்கள். சுண்ணாம்பை அரைத்து, முட்டை வெள்ளைக்கரு சேர்த்து, கண்ணாடி போல் தேய்த்து எடுத்த பூச்சு. வளவில் சாய்ந்து உட்கார்ந்தே வளர்ந்த அப்பச்சிக்கு, மைக்கேலாஞ்சலோ ஒரு பெரிய கொத்தனார் வேலையையும் செய்து முடித்தவராகத் தெரிந்தார். உள்ளே போனதும் அவர் தேடியது அந்தச் சேர்க்கைக் கோடுகளைத்தான். அவ்வளவு உயரத்தில் அவருக்குத் தெரிந்ததா என்று நான் கேட்கவில்லை. ஆனால் சுவரோரப் பெஞ்சில் உட்கார்ந்து, தலையை இறக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார். நாற்பது பேர் குழுவில் இந்தக் கேள்வி எழும்பியே இருக்காது.

சித்தன்னவாசல் போயிருப்பவர்களுக்கு இது புதிதாக இருக்காது. அங்கேயும் சாந்துப் பூச்சின் மேல் விதான ஓவியம்தான்: தாமரைக் குளம், மீன்கள், யானை, எருமை, பூப்பறிக்கும் ஆட்கள். தெரியாமல் போனால் மங்கிய பச்சைத் திட்டுகளைப் பார்த்துவிட்டு ஐந்து நிமிடத்தில் வெளியே வந்துவிடுவோம். அது சமணர்களின் சமவசரணக் கதையில், அதாவது தீர்த்தங்கரர் உபதேசிக்கும் சபையைப் பற்றிய கதையில், வரும் குளம் என்று ஒருவர் சொல்லி, மீனையும் யானையையும் ஒவ்வொன்றாகக் கைகாட்டினால் குளம் முழுக்க எழுந்து வரும். ரோமுக்குக் கிளம்பும் முன் குடும்பத்தோடு ஒரு முறை சித்தன்னவாசல் போய்வாருங்கள் என்று எல்லோரிடமும் சொல்கிறேன். புதுக்கோட்டைக்குப் பக்கம், காரைக்குடியிலிருந்து காலையில் போய் மதியத்துக்குள் திரும்பிவிடலாம்.

சிறு குழுவின் குறைகளும் உண்மையானவை. எங்கள் குழு ஓவியக்கூடப் பகுதிக்குள் போகவே இல்லை. ரஃபேலின் ‘உருமாற்றம்’, கராவாஜ்ஜோவின் ‘இயேசுவை அடக்கம் செய்தல்’, லியோனார்தோ பாதியில் விட்ட புனித ஜெரோம் எல்லாம் அங்கேதான் இருக்கின்றன. ரஃபேல் அறைகளில் ‘ஏதென்ஸ் பள்ளி’க்கு முன் நான் இன்னும் நின்றிருப்பேன், கூட்டம் பின்னாலிருந்து நெருக்கியது, வழிகாட்டியும் நகரச் சொன்னார். வரைபடக் கூடம் 120 மீட்டர் நீளம், இத்தாலியின் 40 வரைபடங்கள், நாம் இன்று பின்பற்றும் நாட்காட்டியைக் கொண்டுவந்த அதே போப் பதின்மூன்றாம் கிரகோரி செய்வித்தது. அதையும் நடந்துகொண்டேதான் பார்த்தோம். ஆங்கிலம் பழக்கமில்லாத ஆத்தாவுக்கு நான் சொல்லி முடிப்பதற்குள் அடுத்த விஷயம் வந்துவிடும். பாம்புகள் சுற்றிப் பிடித்த ஒரு தந்தையையும் மகன்களையும் காட்டும் பழைய பளிங்குச் சிலையான லாவோகூன் மட்டும் விதிவிலக்கு. 1506-இல் ஒரு திராட்சைத் தோட்டத்தில் கிடைத்த அந்தச் சிலையின் உடைந்த கை, ஏறக்குறைய நானூறு ஆண்டு கழித்து ரோமிலேயே கண்டெடுக்கப்பட்டது என்றதும் ஆத்தாவே என் கையைப் பிடித்து நிறுத்தி முழுக்கக் கேட்டார்.

எடுப்பதாக இருந்தால் சிலவற்றைக் கேட்டுக்கொள்ளுங்கள். ‘சிறு குழு’ என்று போட்டிருப்பதை நம்பாமல் அதிகபட்சம் எத்தனை பேர் என்று எண்ணிக்கையில் கேளுங்கள், இருபதுக்கு மேல் போனால் அந்தப் பெயருக்கு அர்த்தமில்லை. அருங்காட்சியகமே நடத்தும் வழிகாட்டிச் சுற்றுகளும் அதன் தளத்தில் உண்டு, முதலில் அங்கே பாருங்கள். மெட்ரோ நிலையத்திலிருந்து மதில் வரை கையில் அட்டையோடு மறிக்கும் தரகர்களிடம் வாங்க வேண்டாம். சுற்று எங்கே முடிகிறது என்பது முக்கியம். சிஸ்டைனின் பின்பக்கம் வலது கதவு வழியாக நேரே பேராலயத்துக்கு இறங்கிவிடலாம், முட்டிவலி உள்ளவர்களுக்கு அது பெரிய உபகாரம். ஆனால் அந்த வழி பெரும்பாலும் குழுக்களுக்குத்தான், சில நாள் மூடியும் இருக்கும். அதில் இறங்கிவிட்டால் ஓவியக்கூடத்துக்குத் திரும்ப முடியாது. தோளும் முட்டியும் மறைய வேண்டும் என்ற உடை விதி நம் ஆட்களுக்குச் சிரமமே இல்லை, சேலையும் வேட்டியும் தாராளமாகப் போதும். ஞாயிற்றுக்கிழமை மூடியிருக்கும். மாதத்தின் கடைசி ஞாயிறு மட்டும் இலவசமாகத் திறப்பார்கள், அன்று கூட்டம் தாங்காது.

விடியற்காலையில் பொதுமக்களுக்கு முன் உள்ளே விடும் சுற்றுகளும், ஒரு குடும்பத்துக்கே தனி வழிகாட்டி வைப்பதும் இன்னும் விலை கூடியவை. அவற்றில் நான் போனதில்லை, அதனால் கூடுதல் பணத்துக்கு ஈடா என்று என்னால் அடித்துச் சொல்ல முடியாது. ஆறேழு பேராக, பெரியவர்களோடு போகும் குடும்பம் என்றால் தனி வழிகாட்டிக்கும் சிறு குழுவுக்கும் மொத்தத் தொகையில் வித்தியாசம் அதிகம் இருக்காது என்று தோன்றுகிறது, விசாரித்துப் பாருங்கள். முதல் முறை போகிறவர்கள், நாலு பேருக்குள் என்றால், சிறு குழுவுக்கே பணம் கட்டுங்கள். நேரமும் காசும் இருந்தால் மறுநாள் வெறும் டிக்கெட் எடுத்து ஓவியக்கூடத்துக்கு மட்டும் போய்வாருங்கள்.