டீம் டீகின்ஸ் பாட்காஸ்ட்: லைட்டிங் கற்க வருபவர்கள் தவறவிடக் கூடாதது

ஆறு மாதமாகத் தினமும் ஷூட்டிங் போகும் வழியில் கேட்டுக்கொண்டிருக்கிறேன். காசு கிடையாது, ஸ்பாட்டிஃபையிலும் ஆப்பிளிலும் கிடைக்கிறது. ஒளிப்பதிவாளர் ரோஜர் டீகின்ஸும் அவர் மனைவியும் (மனைவியின் பெயர் ஜேம்ஸ்) 2020 ஏப்ரலில், ஊரடங்கில் எல்லாரும் வீட்டில் கிடந்தபோது ஆரம்பித்தது. ஆரம்ப எபிசோடுகளில் இவர்கள் இரண்டு பேரே பேசுகிறார்கள், அப்புறம் இயக்குநர், கலை இயக்குநர், எடிட்டர், கேஃபர் (லைட்டிங் குழுவின் தலைவர்), ஃபோகஸ் புல்லர் (கேமராவில் ஃபோகஸ் பிடிப்பவர்) என்று ஒவ்வொருவராக வருகிறார்கள்.

நான் ஒரு சீரியல் யூனிட்டில் உதவி ஒளிப்பதிவாளர். எனக்கு இதில் முதலில் பிடித்தது, இவ்வளவு பெரிய மனிதர் வந்தவரிடம் கேள்வி கேட்கிற விதம். தன் அனுபவத்தைச் சொல்லி முடித்துவிட்டு அடுத்தவரைப் பேசவிடுகிற ஆள் இல்லை அவர். "ஏன் அப்படிச் செய்தீர்கள்" என்று உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்கிறார். ஜேம்ஸ் ஸ்கிரிப்ட் சூப்பர்வைசராக (ஷாட்டுக்கு ஷாட் தொடர்ச்சி தப்பாமல் பார்த்துக்கொள்பவர்) இருந்தவர். பேச்சு ரொம்ப டெக்னிக்கலாகப் போகும்போது அவர்தான் நிறுத்தி, அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று விளக்க வைக்கிறார். அவர் இல்லையென்றால் பாதி எனக்கே புரிந்திருக்காது.

டீகின்ஸ் வந்த பாதையைத் தெரிந்துகொண்டு கேட்டால் இதன் அருமை இன்னும் கூடும். 1949இல் இங்கிலாந்தின் டார்கீயில் பிறந்தவர். இங்கிலாந்தில் தேசியத் திரைப்படப் பள்ளி திறந்தபோது விண்ணப்பித்தார், எடுத்துக்கொள்ளவில்லை. அந்த ஒரு வருஷத்தை வீணாக்காமல் வட டெவன் கிராமங்களில் சுற்றி, அங்கத்திய மனிதர்களைக் கறுப்பு வெள்ளையில் படம் எடுத்துவிட்டு மறுபடி போய் விண்ணப்பித்துச் சேர்ந்தார். படித்து முடித்ததும் நேராக சினிமாவுக்குள் போய்விடவும் இல்லை. 1977-78இல் உலகைச் சுற்றிவரும் பாய்மரப் படகுப் போட்டியில் ஒரு படகிலேயே ஏறி ஒன்பது மாதம் போல டாக்குமெண்டரி எடுத்தார், அப்புறம் எரித்ரியா, ரொடீஷியா (இன்றைய ஜிம்பாப்வே) என்று போர் நடந்த இடங்கள். படகில் வெளிச்சம் சரியில்லை என்று யாரிடம் போய்ச் சொல்வது? இருக்கிற வெளிச்சத்தில், நகர்கிற மனிதனைப் படம் எடுக்க எங்கே நிற்க வேண்டும் என்பதை உடம்பே கற்றுக்கொண்டிருக்கும். பெரிய படங்களிலும் கேமராவைத் தானே இயக்குவதை அவர் பெரும்பாலும் விட்டுக்கொடுக்காததற்கு வேர் இங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

டெக்னிக்கல் பக்கமும் குறைவில்லை. 1984இல் வந்த 'நைன்டீன் எயிட்டி ஃபோர்' படத்தில் ஃபிலிம் பிரிண்டைக் கழுவும்போது அதிலுள்ள வெள்ளித் துகள்களை முழுசாக எடுக்காமல் விட்டு நிறங்களை வெளிறச் செய்தவர் அவர். 2000இல் வந்த 'ஓ பிரதர், வேர் ஆர்ட் தௌ?' படத்துக்கு மிசிசிப்பியின் பச்சைப்பசேல் கோடையைக் காய்ந்த மஞ்சளாக மாற்ற வேண்டியிருந்தது. லேப் முறைகள் சரிவரவில்லை என்றதும் முழுப் படத்தையும் ஸ்கேன் செய்து கணினியில் நிறம் திருத்தினார்கள். இன்று நம் ஊரில் சின்னப் படத்துக்குக்கூட டி.ஐ. (டிஜிட்டல் இன்டர்மீடியட்) என்று சர்வசாதாரணமாகச் சொல்கிறோமே, அதன் தொடக்க காலம் அது. ஆஸ்கருக்கு 13 தடவை பெயர் போய்க் கிடைக்காமல், அதிலும் ஒரே வருஷம் இரண்டு படங்களுக்குப் போய் இரண்டும் கிடைக்காமல், 14ஆவது தடவையாக 2018இல் வாங்கினார். இரண்டே வருஷத்தில், 2020இல், அடுத்ததும் வந்தது.

கேட்டதில் எனக்குக் கைக்கு வந்த ஒன்றைச் சொல்கிறேன். லைட்டை முகத்தில் நேராக அடிக்காமல் மஸ்லின் துணியில் அடித்து, அதிலிருந்து திரும்புகிற வெளிச்சத்தைப் பயன்படுத்துவது அவர் வழக்கம். நம் செட்டில் காடாத் துணி என்று சொல்வோமே, அதேதான். இங்கே அது புதிதில்லை, தெர்மோகோலிலும் பவுன்ஸ் செய்கிறோம். ஆனால் சீரியலில் நேரம் இல்லை என்று எல்.இ.டி. பேனலை நேராகத் திருப்பிவிட்டு ஓடிவிடுவோம். போன மாதம் ஒரு சமையலறை சீனில் ஜன்னல் பக்கம் ஆறடிக்கு ஆறடி காடாவைச் சாய்வாகக் கட்டி, ஒரே ஒரு லைட்டை அதில் அடித்தேன். அம்மா பாத்திரத்தில் நடிப்பவரின் மூக்குக்குக் கீழே எப்போதும் விழுகிற அந்தக் கறுப்பு நிழல் காணாமல் போனது, பின்னால் மிளகாய்த்தூள் டப்பா வரிசை தானாக இருட்டுக்குள் போய் நின்றது. கேமராமேன் அண்ணன் மானிட்டரைப் பார்த்துவிட்டு, "நல்லா இருக்குடா, கட்ட எவ்ளோ நேரம் ஆச்சு?" என்றார். பன்னிரண்டு நிமிஷம். "அவுக்காத, அடுத்த சீனுக்கும் இருக்கட்டும்."

குறைகளும் உண்டு. ஆரம்ப வருஷத்து எபிசோடுகளில் விருந்தினர் பேசுவது பல இடங்களில் கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி கேட்கிறது. டீகின்ஸும் சில சமயம் வாய்க்குள்ளேயே பேசிவிடுவார், நான் வேகத்தைக் குறைத்து வைத்துதான் கேட்கிறேன். பார்க்காத படத்தின் ஷாட்டைப் பற்றி இருபது நிமிஷம் பேசினால் காதை மட்டும் வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடியாது. அவருடைய இணையதளத்தில் சில காட்சிகளுக்கு லைட்டிங் வரைபடங்கள் இருக்கின்றன, அதைப் பக்கத்தில் திறந்து வைத்துக்கொண்டால் கொஞ்சம் பிடிபடும். அப்புறம், நாளுக்கு ஒரு எபிசோடு முடித்துக் கொடுக்க வேண்டிய நம் சீரியல் வேகத்துக்கு இதில் நேரடியான பதில் கிடைக்காது. மேகம் வரும்வரை காத்திருந்து '1917' எடுத்த கதையைக் கேட்கும்போது எனக்கு ஏக்கமாகத்தான் இருந்தது.

புதிதாகக் கேட்பவர்கள் பிரபல நடிகர், இயக்குநர் பெயரைப் பார்த்துத் தொடங்க வேண்டாம். கேஃபர், கிரிப் (கேமராவைத் தாங்கும், நகர்த்தும் சாதனங்களைப் பார்ப்பவர்), ஃபோகஸ் புல்லர் வருகிற எபிசோடுகளில் ஒன்றை எடுங்கள், முடிந்தால் உங்கள் லைட்மேன் அண்ணனையும் பக்கத்தில் உட்கார வைத்து நிறுத்தி நிறுத்தி மொழிபெயர்த்துச் சொல்லுங்கள். நான் வேனில் அப்படித்தான் செய்கிறேன். முப்பது வருஷம் லைட் தூக்கியவர், பாதியிலேயே "இத நாங்க டங்ஸ்டன் பல்பு காலத்துல வேற மாதிரி பண்ணுவோம்" என்று தன் கதையை ஆரம்பித்துவிடுகிறார். அன்றைக்கு பாட்காஸ்ட் அதோடு நின்றுவிடும், அண்ணன் பேசுவதைத்தான் கேட்போம்.