ரூட் மோஷனா, இன்-பிளேஸா? கேரக்டரை நகர்த்த வேண்டியது கிளிப்பா, ஸ்கிரிப்டா

யூனிட்டி, அன்ரியல் போன்ற கேம் எஞ்சினில் (விளையாட்டு உருவாக்கும் மென்பொருள்) செய்த விளையாட்டில் கேரக்டர் நடக்கிறது, ஆனால் பாதம் தரையில் ஊன்றாமல் வழுக்கிக்கொண்டே போகிறது. கன்ட்ரோலரின் ஸ்டிக்கை விட்ட பிறகும் அரை மீட்டர் தள்ளிப்போய்த்தான் நிற்கிறது. கேப்ஸ்யூலும் (மோதலைக் கணக்கிடக் கேரக்டரைச் சுற்றி இருக்கும் கண்ணுக்குத் தெரியாத உறை) கேமராவும் இருந்த இடத்தில் இருக்க, உடம்பு மட்டும் தனியே கிளம்பிப் போய்விடுகிறது. பார்க்க மூன்று தனித்தனிக் கோளாறுகள். மூன்றுக்கும் காரணம் ஒன்றுதான்: நகர்வு யார் பொறுப்பு என்று முடிவு செய்யாமலே செட்டிங்ஸைத் திருப்பியிருப்பார்கள்.

வழி இரண்டு. ரூட் மோஷனில் தூரம் கிளிப்புக்குள்ளேயே, அதாவது அசைவின் அனிமேஷன் பதிவுக்குள்ளேயே இருக்கும். அனிமேஷன் ஓட ஓட, அது கேரக்டரை இழுத்துக்கொண்டு போகும். இன்-பிளேஸில் கிளிப் நின்ற இடத்திலேயே காலை மட்டும் ஆட்டும். கேரக்டரை நகர்த்துவது ஸ்கிரிப்ட். நடை, ஓட்டம் போன்ற அடிப்படை நகர்வுகளுக்கு இன்-பிளேஸ் என்று முடிவெடுத்தாயிற்று. அதனால் இந்த அலசலில் அந்தப் பக்கச் சார்பு வெளிப்படையாகவே இருக்கும். ரூட் மோஷனை விடவே கூடாத இடங்களும் உண்டு. அவை பின்னால் வருகின்றன.

எல்லோருக்கும் தெரிந்ததை முதலில் தாண்டிவிடலாம். ரூட் மோஷனில் கால் வழுக்காது, இயக்கம் இயல்பாக இருக்கும். இன்-பிளேஸில் பட்டனுக்கு உடனே பதில் கிடைக்கும், நெட்வொர்க் விளையாட்டுக்கு அது எளிது. இரண்டும் உண்மை. ஆனால் முடிவைத் தீர்மானிப்பது இவை அல்ல. ஆறு மாதம் கழித்து வரும் பராமரிப்பு வேலை.

ஓட்ட வேகம் விநாடிக்கு 4 மீட்டர் என்று வைத்து எல்லாம் தயாராகிவிட்டது. லெவல்கள் பெரிதாகிவிட்டதால் 5 மீட்டர் வேண்டும் என்கிறார் டிசைனர். இன்-பிளேஸில் இது ஒரு எண்; மாற்றிவிட்டு, கால் வேகம் பொருந்துகிறதா என்று பார்த்தால் போதும். ரூட் மோஷனில் அந்த 4 எந்த இன்ஸ்பெக்டரிலும் (யூனிட்டியின் செட்டிங்ஸ் பலகை) கிடையாது, கிளிப்பின் கீஃபிரேம்களில் (அசைவின் முக்கிய நிலைகளைக் குறிக்கும் ஃபிரேம்கள்) கிடக்கிறது. அதை மாற்ற மூன்று வழிகள். அனிமேட்டர் (கிளிப்புகளை ஓட்டும் யூனிட்டிப் பகுதி) முழுவதன் வேகத்தையோ ஓட்ட ஸ்டேட்டின் (அந்தக் கிளிப் ஓடும் தனி நிலை) வேகத்தையோ 1.25 ஆக்கலாம், அப்போது கை வீச்சும் தலை ஆட்டமும் சேர்ந்து வேகமாகும், முழு அனிமேட்டர் என்றால் அதில் ஓடும் வாள்வீச்சும் வேகமாகிச் சண்டையின் கணக்கே மாறிவிடும். ரூட் மோஷனை நாமே கையாள உதவும் ஆன்அனிமேட்டர்மூவ் ஃபங்ஷனில் டெல்டாபொசிஷனை (ஒரு ஃபிரேமில் நகரும் தூரம்) 1.25-ஆல் பெருக்கலாம், வேகம் கிடைக்கும், பாதம் வழுக்கும். வழுக்கக் கூடாது என்றுதானே ரூட் மோஷனுக்கே வந்தோம்! மூன்றாவது வழி, அனிமேஷன் கலைஞரிடம் போய்க் கிளிப்பைத் திருத்தி வாங்குவது.

அதுவும் ஒரு கிளிப்போடு முடியாது. எட்டுத் திசை, இரண்டு வேகம் என்றாலே 16 கிளிப். பக்கவாட்டு நடை விநாடிக்கு 1.38 மீட்டரிலும் நேர் நடை 1.52 மீட்டரிலும் பதிவாகியிருந்தால், ஸ்டிக்கைச் சுழற்றும்போது கேரக்டர் ஒரு திசையில் மந்தமாகவும் இன்னொரு திசையில் வேகமாகவும் போகும். விளையாடுபவருக்கு இது ‘ஏதோ சரியில்லை’ என்றுதான் படும். எங்கே என்று சுட்டிக்காட்டத் தெரியாது. பதினாறையும் ஒரே வேகத்துக்குக் கொண்டுவந்து, அடுத்த மாற்றத்திலும் அப்படியே வைத்திருக்க வேண்டும். சிறு அணிக்கு இது தாங்காது.

நிற்பதற்கும் இதே கணக்குதான். யூனிட்டியில் புதிய ட்ரான்ஸிஷன் (ஒரு ஸ்டேட்டிலிருந்து இன்னொன்றுக்கு மாறும் கலவை) போட்டால் அதன் நீளம் வழக்கமாக 0.25 விநாடி. விநாடிக்கு 4 மீட்டர் ஓட்டத்திலிருந்து நிற்கும் நிலைக்கு அந்த நேரத்தில் கலந்தால், வேகம் 4-லிருந்து சீராக 0-க்கு இறங்கும். சராசரி 2 மீட்டர், கடக்கும் தூரம் 0.5 மீட்டர். பாறை விளிம்பில் அரை மீட்டர் என்பது விழுந்து சாவதற்குப் போதும். இதற்கு மேல் ஹேஸ் எக்ஸிட் டைம் டிக் இயல்பாகவே போட்டிருக்கும். அதை எடுக்க மறந்தால் ஓட்டத்தின் சுற்று குறித்த இடத்துக்கு வரும்வரை நிற்கவே தொடங்காது. இன்-பிளேஸிலும் அந்த டிக் தொல்லைதான். ஆனால் அங்கே உடம்பு நின்றுவிடும், கால் மட்டும் ஒரு நொடி ஆடும். விளிம்பில் யாரும் விழமாட்டார்கள்.

சரி, இன்-பிளேஸில் கால் வழுக்குவதை என்ன செய்வது? பலர் இங்கேதான் கைவிடுகிறார்கள். வழி இருக்கிறது, கிளிப்பின் இயல்பான வேகம் தெரிந்தால் போதும்.

அதனால் கிளிப்பை வாங்கும்போதோ இறக்கும்போதோ, முன்னோக்கி நகரும் பதிப்பையே எடுங்கள். அனிமேஷன் கிளிப்புகள் தரும் மிக்ஸாமோ தளத்தில் ‘இன் பிளேஸ்’ டிக் போடாமல் இறக்குங்கள். இன்-பிளேஸுக்கு எதற்கு நகரும் கிளிப் என்று தோன்றும். யூனிட்டியின் இம்போர்ட் பக்கத்தில் அனிமேஷன் டேபைத் திறந்தால் ஆவரேஜ் வெலாசிட்டி என்று மூன்று எண்கள் வரும். நகரும் கிளிப்பில் மூன்றாவது எண்தான் அதன் முன்னோக்கிய வேகம். இன்-பிளேஸ் பதிப்பில் அது பூஜ்யம். அந்தத் தகவல் தொலைந்துபோயிருக்கும். ரூட் ட்ரான்ஸ்ஃபார்ம் பொசிஷன் எக்ஸ்இசட் பகுதியில் பேக் இன்டு போஸை டிக் செய்யாமல், அனிமேட்டரில் அப்ளை ரூட் மோஷனை மட்டும் அணைத்துவிடுங்கள். யூனிட்டி அந்த நகர்வைப் பிரித்தெடுத்து ஒதுக்கிவிடும், கேரக்டர் நின்ற இடத்திலேயே நடக்கும். மாறாக எக்ஸ்இசட்டைப் பேக் செய்தால், நகர்வு உடம்பின் போஸுக்குள் போய்விடும்: உடம்பு கேப்ஸ்யூலை விட்டு முன்னே போய், சுற்று முடிந்ததும் வெடுக்கென்று பின்னால் குதிக்கும். இந்தக் கோளாறுக்கு ஸ்கிரிப்டை மாற்றிப் பயனில்லை, அந்த ஒரு டிக்கை எடுத்தால் சரியாகும். ஜெனெரிக் ரிக் (மனித வடிவம் என்று குறிக்காத எலும்புக்கூடு) என்றால் ரிக் டேபில் ரூட் நோடையும் தேர்ந்தெடுக்க வேண்டும். இல்லாவிட்டால் பிரித்தெடுக்க எதுவும் இருக்காது.

அடுத்து, ஓர் எண்ணை வைத்துக் கிளிப்புகளைக் கலக்கும் பிளெண்ட் ட்ரீ. ஒரு பரிமாண ட்ரீயில் ஆட்டோமேட் த்ரெஷோல்ட்ஸ் டிக்கை எடுத்தால் கம்ப்யூட் த்ரெஷோல்ட்ஸ் பட்டியல் தெரியும். அதில் ஸ்பீடைத் தேர்ந்தெடுங்கள். நடைக்கு 1.45, ஓட்டத்துக்கு 4.1 என்று கிளிப்பின் சொந்த வேகங்கள் வந்து உட்காரும். பூஜ்யத்துக்கும் ஒன்றுக்கும் இடையில் கைக்கு வந்த எண்களைப் போடுவதுதான் பாதி வழுக்கலுக்குக் காரணம். இப்போது பாராமீட்டராகக் கேரக்டரின் உண்மையான வேகத்தையே, விநாடிக்கு இத்தனை மீட்டர் என்று அனுப்பினால், இடைப்பட்ட வேகங்களில் கால் ஏறக்குறையத் தானாகப் பொருந்தும். ஸ்டிக்கின் அளவை அனுப்பாதீர்கள். சுவரில் முட்டி நிற்கும்போதும் ஸ்டிக் 1 என்றுதான் சொல்லும், கேரக்டர் சுவரைப் பார்த்து ஓடிக்கொண்டே இருக்கும்.

டிசைனர் கேட்ட 5 மீட்டர் மேல்முனையான 4.1-ஐத் தாண்டுகிறது. ஓட்ட ஸ்டேட்டின் வேக மல்டிப்ளையரைப் பாராமீட்டரோடு இணைத்து, 5-ஐ 4.1-ஆல் வகுத்தால் வரும் 1.22-ஐ அனுப்புங்கள். 0.8 முதல் 1.25 வரை கண்ணுக்குத் தெரியாது. அதற்கு மேல் பழைய ஊமைப்படத்து ஆட்கள் ஓடுவதுபோல ஆகிவிடும். அப்போது வேகமான கிளிப் ஒன்றைச் சேர்ப்பதே நல்லது. 1.45-க்கும் 4.1-க்கும் நடுவிலும் இடைவெளி அதிகம், 2.7 அருகே ஒரு மெல்லோட்டம் வைத்தால் கலவை இன்னும் சுத்தமாக இருக்கும். கலக்கும் கிளிப்புகள் எல்லாம் ஒரே காலில் தொடங்க வேண்டும். நடை இடது காலிலும் ஓட்டம் வலது காலிலும் தொடங்கினால், நடுவில் இரண்டு காலும் ஒட்டிக்கொண்டு நொண்டும். ஒன்றின் சைக்கிள் ஆஃப்செட்டை 0.5 ஆக்கினால் தீரும்.

கையில் இருப்பது இன்-பிளேஸ் கிளிப் மட்டும்தான் என்றால் அளந்துவிடலாம். ஒரு பாதத்தைக் கவனித்து ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்துங்கள். விநாடிக்கு 30 ஃபிரேம் ஓடும் கிளிப்பில் 4-ஆம் ஃபிரேமில் பாதம் ஊன்றுகிறது, அப்போது இடுப்புக்கு 0.35 மீட்டர் முன்னால். 18-ஆம் ஃபிரேமில் எழும்புகிறது, 0.33 மீட்டர் பின்னால். 14 ஃபிரேம் என்பது 0.467 விநாடி, அதில் 0.68 மீட்டர். வேகம் 1.46. ஐந்து நிமிட வேலை, ஒரு கிளிப்புக்கு ஒருமுறை செய்தால் போதும்.

ஹியூமனாய்டு (மனித வடிவ) ரிக்கில் ஒரே கிளிப்பை உயரம் குறைந்த கேரக்டருக்குப் போட்டால் ரூட் மோஷனும் உடலளவுக்கேற்பச் சுருங்கும். 0.7 மடங்கு அளவுள்ள உருவம் 4.1-க்குப் பதில் 2.87-இல்தான் ஓடும். கால் வழுக்காது, பார்க்க அழகுதான். ஆனால் துரத்த வேண்டிய எதிரி பின்தங்கிவிடுவான், அதை யாரும் கேட்டிருக்கவில்லை. இன்-பிளேஸில் வகுக்கும் எண்ணோடு அந்த 0.7-ஐயும் பெருக்கிக்கொண்டால் முடிந்தது.

ரூட் மோஷனையே பிடித்துக்கொண்டிருப்பவர்கள் அடிக்கடி முட்டும் இடங்கள் சில. நேராக நடக்க வேண்டிய கேரக்டர் மெல்ல ஒரு பக்கம் ஒதுங்கினால், ஆவரேஜ் வெலாசிட்டியின் முதல் எண் பூஜ்யமாக இல்லை என்று பொருள். ரூட் ட்ரான்ஸ்ஃபார்ம் ரொட்டேஷனின் ஆஃப்செட்டை ஓரிரு டிகிரி திருப்பி அதைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவாருங்கள். கேரக்டர் அந்தரத்தில் மிதந்தால், ஒய் பொசிஷன் பேக் ஆகவில்லை. குதிப்பதைத் தவிர மற்ற எல்லாக் கிளிப்பிலும் பேக் இன்டு போஸைப் போட்டு, பேஸ்டு அப்பானைப் பாதத்துக்கு மாற்றுங்கள். அனிமேட்டர் குழந்தை ஆப்ஜெக்டில் இருந்தால் உடம்பு மட்டும் கேப்ஸ்யூலை விட்டுப் போகும். ஆன்அனிமேட்டர்மூவ் உள்ள ஸ்கிரிப்டை அனிமேட்டர் இருக்கும் அதே ஆப்ஜெக்டில் வைத்து, நகர்வைத் தாய் ஆப்ஜெக்டுக்கு அனுப்ப வேண்டும். அங்கே டெல்டாபொசிஷனை டெல்டாடைமால் (ஒரு ஃபிரேமுக்கு ஆன நேரம்) பெருக்கக் கூடாது. அது ஏற்கெனவே அந்த ஃபிரேமின் தூரம். பெருக்கினால் 60 ஃபிரேமில் அறுபதில் ஒரு பங்கு வேகத்தில் ஊர்வீர்கள். ரிஜிட்பாடிக்கு (ஃபிசிக்ஸ் கணக்கில் நகரும் உடல்) அதன் வேகம் என்று கொடுக்க வேண்டுமென்றால் டெல்டாடைமால் வகுக்க வேண்டும். விளையாட்டை நிறுத்திவைத்து டைம்ஸ்கேல் (விளையாட்டு நேரம் ஓடும் வேகம்) 0 ஆனால் வகுக்கும் எண்ணும் 0 ஆகிவிடும், அதற்கொரு சோதனை வைக்காவிட்டால் கேரக்டர் காணாமல் போகும்.

திரைக்கு வெளியே போன எதிரிகள் அப்படியே நின்றுவிட்டால் கல்லிங் மோடு (கண்ணில் படாதபோது அனிமேட்டர் என்ன செய்ய வேண்டும் என்ற செட்டிங்) கல் கம்ப்ளீட்லி ஆக இருக்கும். கல் அப்டேட் ட்ரான்ஸ்ஃபார்ம்ஸ் ஆக மாற்றுங்கள். ஸ்டேட்டும் ரூட் மோஷனும் தொடர்ந்து ஓடும். தானாக வழி கண்டுபிடிக்கும் நேவ்மெஷ் ஏஜென்ட் இருந்தால் அதன் அப்டேட்பொசிஷனை அணைத்து, கேரக்டர் போன இடத்தை நெக்ஸ்ட்பொசிஷனுக்குக் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் ஏஜென்டும் கிளிப்பும் ஆளுக்கொரு பக்கம் இழுக்கும்.

உடம்பு நடுங்கினால் இரு பக்கமும் மருந்து வேறு. ஃபிசிக்ஸ் இயல்பாக 0.02 விநாடிக்கு ஒருமுறை, அதாவது விநாடிக்கு 50 தடவை ஓடுகிறது. திரை 60 அல்லது 144. இன்-பிளேஸில் ரிஜிட்பாடியின் இன்டர்போலேட்டைப் போட்டால் போதும். ரூட் மோஷனில் அனிமேட்டரின் அப்டேட் மோடை அனிமேட் ஃபிசிக்ஸாக (புதிய பதிப்புகளில் ‘ஃபிக்ஸ்டு’) மாற்றுவார்கள். அப்போது போஸும் விநாடிக்கு 50 தடவைதான் மாறும், 144 ஹெர்ட்ஸ் திரையில் அந்த வெட்டு தெரியும்.

இனி ரூட் மோஷனுக்கு உரிய இடம். வேகம் சீராக இல்லாத எதுவும் அதன் சொத்து: வாளோடு பாயும் அடி, சுவர் தாண்டல், விழுந்து எழுதல், இருவர் கட்டிப் புரளும் பிடி. ஒரு பாய்ச்சலை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் 0.2 விநாடி எடை பின்காலில், நகர்வே இல்லை, அடுத்த 0.15 விநாடியில் 0.9 மீட்டர், பிறகு முன்கால் ஊன்றி மெல்லத் தணிகிறது. இதை ஸ்கிரிப்டில் எழுதினால் அனிமேஷன் கலைஞர் ஏற்கெனவே செய்த வேலையை இன்னொருமுறை, அதைவிட மோசமாகச் செய்வதாகும். இங்கே பராமரிப்பு வாதமும் தலைகீழ்: கிளிப்பைக் கலைஞர் திருத்தினால் தூரமும் தானாகத் திருந்தும்.

அதனால் யூனிட்டியில் நடைமுறை அமைப்பு இதுதான்: ஆன்அனிமேட்டர்மூவை எழுதுங்கள், இன்ஸ்பெக்டரில் அப்ளை ரூட் மோஷன் இருந்த இடத்தில் ‘ஹேண்டில்டு பை ஸ்கிரிப்ட்’ என்று வரும். தாக்குதல், தாண்டல் ஸ்டேட்டுகளுக்கு ஒரு டேக் கொடுத்து, அந்த டேக் உள்ளபோது மட்டும் டெல்டாபொசிஷனைச் சேருங்கள். மற்ற நேரமெல்லாம் ஸ்கிரிப்டின் வேகம்.

அன்ரியலில் இந்தப் பிரிவினை முன்கூட்டியே செய்து வைத்திருக்கிறார்கள். அனிமேஷன் புளூபிரிண்ட்டின் ரூட் மோஷன் மோடு இயல்பாகவே ‘மான்டேஜ்களிலிருந்து மட்டும்’ என்றிருக்கும் (மான்டேஜ் என்பது தேவைப்படும்போது தனியே அழைத்து ஓட்டும் அனிமேஷன்). மல்டிபிளேயருக்கு உகந்ததும் அதுவே. ‘எல்லாவற்றிலிருந்தும்’ என்று மாற்றினால் நெட்வொர்க்கில் உதைக்கும். மிக்ஸாமோ எலும்புக்கூட்டில் இடுப்புக்கு மேல் ரூட் எலும்பு கிடையாது, அதை பிளெண்டர் போன்ற 3டி மென்பொருளில் சேர்த்த பிறகுதான் எனேபிள் ரூட் மோஷன் சரியாக வேலை செய்யும். ஏறும் மான்டேஜில் கேரக்டர் மேலே போகாமல் இடத்திலேயே கை வீசினால், மூவ்மென்ட் மோடு வாக்கிங்கில் இருக்கிறது. அதில் செங்குத்து நகர்வு கணக்கில் வராது. மான்டேஜ் ஓடும்வரை ஃபிளையிங்குக்கு மாற்றித் திரும்புங்கள்.

நான்கு கால் விலங்குகளில் மட்டும் இந்தச் சார்பை இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடியாது. குதிரையின் நடை, துள்ளோட்டம், பாய்ச்சல் மூன்றிலும் கால் ஊன்றும் வரிசையே வேறு. வேகத்தை வைத்து இரண்டைக் கலந்தால் கால்கள் பின்னிக்கொள்ளும். அங்கே ஒவ்வொரு நடையையும் தனி ஸ்டேட்டாக வைத்து, ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போகும் கிளிப்புக்கு ரூட் மோஷனைக் கொடுத்துப் பார்ப்பது முயற்சிக்கத் தக்கது.