சம்ப் கொள்ளளவு: கன அடியா, கன மீட்டரா?

பெங்களூரில் வீடு கட்டும் நம்ம ஆட்கள் மேஸ்திரியிடம் சம்ப் (நிலத்தடித் தண்ணீர்த் தொட்டி) அளவு கேட்டால் பதில் அடியில்தான் வரும், ஆனால் குடிநீர் வாரியத்தின் பில் கிலோலிட்டரில் வருகிறது, டேங்கர்காரர் லிட்டரில் பேசுகிறார்.

கன அடியில் பெரிய வசதி, மனக்கண்ணில் பார்க்க முடிவது. உள்ளளவு 8 அடி நீளம், 6 அடி அகலம், 5 அடி ஆழம் என்றால், எல்லாப் பக்கமும் ஓரடி உள்ள பெட்டிகள் தரையில் 48 பிடிக்கும், அப்படி ஐந்து அடுக்கு, ஆக 240 கன அடி. சரி, அதில் எத்தனை லிட்டர்? இங்கேதான் சிக்கல். ஒரு கன அடி சுமார் 28.3 லிட்டர், பெருக்கினால் 6,800 பக்கம் வரும், கால்குலேட்டர் இல்லாமல் கஷ்டம்.

கன மீட்டரில் இந்தத் தொல்லையே இல்லை, ஒரு கன மீட்டர் என்றால் 1,000 லிட்டர், அதாவது ஒரு கிலோலிட்டர். அதே சம்ப் 2.44 × 1.83 × 1.52, கிட்டத்தட்ட 6.8 கன மீட்டர். பில்லோடும் நேராக ஒப்பிடலாம்.

ஒரு மீட்டர் 3.28 அடி என்பதால் ஒரு கன மீட்டரும் 3.28 கன அடி என்று மட்டும் நினைக்காதீர்கள், நீளம், அகலம், ஆழம் மூன்றும் மாறுவதால் 3.28-ஐ மூன்று முறை பெருக்க வேண்டும், 35.3 வரும்.

என் தேர்வு கன மீட்டர்தான். அப்புறம், எதில் அளந்தாலும் உள்பக்கத்தை அளங்கள், ஆழத்தை மூடி வரைக்கும் எடுக்காமல் தண்ணீர் நிற்கும் மட்டம் வரை எடுங்கள். மேலே அரை அடி விட்டால் இதே சம்ப் சுமார் 6,100 லிட்டர்தான் பிடிக்கும், அடியில் கொஞ்சம் தண்ணீர் கிடக்கும்போது 6,000 லிட்டர் டேங்கரைக் கூப்பிட்டால் காசு கொடுத்த தண்ணீர் தெருவில் ஓடும்.